தண்ணீர் விடாத கோஸ் பழ சாலட்

முட்டைக்கோஸ் சாலட் அரை மணி நேரத்தில் சொதசொதவென்று ஆவதற்கு உப்புதான் காரணம். அது கோஸிலுள்ள நீரை வெளியே இழுத்துவிடும். அதை முன்கூட்டியே இழுக்க விட்டால் பிரச்சினை தீர்ந்தது.

கால் கிலோ கோஸை நடுத்தண்டு நீக்கி, நூல் போல நறுக்குங்கள். துருவ வேண்டாம், கூழாகிவிடும். அரை டீஸ்பூன் உப்பு பிசிறி 20 நிமிடம் வையுங்கள். பிறகு கைப்பிடி கைப்பிடியாகப் பிழிந்தால் கிண்ணத்தின் அடியில் நீர் தேங்குவதைப் பார்க்கலாம், அதைக் கொட்டிவிடுங்கள். மேற்கொண்டு உப்பு தேவைப்படாது.

ஒரு ஆப்பிளைத் தோலோடு தீக்குச்சி போல நறுக்கி, உடனே ஒரு டேபிள்ஸ்பூன் எலுமிச்சைச் சாறில் புரட்டினால் கறுக்காது. அரை கப் மாதுளை முத்துகளும் சேர்க்கலாம். துணியில் வடிகட்டிய கெட்டித் தயிர் நான்கு டேபிள்ஸ்பூன், மிளகுத்தூள் கால் டீஸ்பூன், சர்க்கரை ஒரு டீஸ்பூன் (ஆப்பிள் இனிப்பாக இருந்தால் பாதி போதும்) கலந்து, பரிமாறும்போது மட்டும் எல்லாவற்றையும் சேர்த்துப் பிசிறுங்கள்.

வேகவைக்காத அன்னாசி மட்டும் வேண்டாம். அதிலுள்ள புரோமலைன் என்சைம் தயிரின் புரதத்தைச் சிதைத்துக் கசப்பாக்கிவிடும். அன்னாசிதான் வேண்டுமென்றால் துண்டுகளை ஐந்து நிமிடம் கொதிக்கவிட்டு, ஆறவைத்துச் சேருங்கள்.