மூச்சு இழுக்கும்போது 'கீர்ர்' சத்தம்: குரல்வளை தளர்ந்த குழந்தைக்குப் பால் கொடுப்பது எப்படி?

பிறந்த இரண்டு வாரத்துக்குள், மூச்சை உள்ளே இழுக்கும்போதெல்லாம் குழந்தையிடம் 'கீர்ர்' என்று ஒரு சத்தம் வரத் தொடங்கும். வீட்டில் "சளி கட்டியிருக்கு" என்பார்கள். சளி மருந்து கொடுத்தாலும் சத்தம் போகாது. குரல்வளையின் மேற்பகுதியில் உள்ள குருத்தெலும்பும் சவ்வும் இன்னும் விறைப்பாகவில்லை. காற்றை இழுக்கும்போது அவையும் உள்நோக்கி மடங்கி வழியை மறைக்கின்றன. டாக்டர் லாரிங்கோமலேசியா என்று எழுதுவது இதைத்தான். 4 முதல் 8 மாதம் வரை சத்தம் கூடி, பெரும்பாலான குழந்தைகளுக்கு 12 முதல் 24 மாதத்துக்குள் தானாகவே அடங்கிவிடும். அதுவரை பால் புரையேறாமல் இறங்க வேண்டும், எடை ஏற வேண்டும்.

படி 1: சத்தத்தைக் கேளுங்கள்

மூச்சை இழுக்கும்போது வந்தால் கோளாறு குரல்வளைப் பக்கம். விடும்போது வந்தால், கூடவே குரைப்பது போன்ற இருமலும் இருந்தால், அதற்குக் கீழே மூச்சுக்குழாய் தளர்ந்திருக்கலாம். மல்லாந்து படுக்கும்போதும், அழும்போதும், பால் குடிக்கும்போதும் குரல்வளைச் சத்தம் கூடும். டாக்டரிடம் போகும் நேரத்தில் குழந்தை அமைதியாகிவிடுவது வழக்கம். அதனால் சட்டையைக் கழற்றிவிட்டு, கழுத்திலிருந்து வயிறு வரை தெரியும்படி அரை நிமிட வீடியோ எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

படி 2: நெஞ்சைப் பாருங்கள்

கழுத்துக்குக் கீழே, நெஞ்செலும்பு தொடங்கும் இடத்தில் உள்ள குழியைப் பாருங்கள். ஒவ்வொரு மூச்சுக்கும் அது ஆழமாக உள்வாங்குகிறதா? விலா எலும்புகளின் இடுக்கும், விலாவுக்குக் கீழேயும் இழுக்கிறதா? குழந்தை தூங்கும்போது ஒரு முழு நிமிடம் மூச்சை எண்ணுங்கள். 2 மாதத்துக்கு உட்பட்ட குழந்தைக்கு 60-ம், அதற்கு மேல் ஒரு வயது வரை 50-ம் எட்டினால் அது வேக மூச்சு. சத்தம் பெரிதாக இருந்தும் நெஞ்சு இழுக்காமல், பால் நன்றாகக் குடிக்கும் குழந்தையைப் பற்றி அவ்வளவு கவலை வேண்டாம். நெஞ்சு இழுத்துக்கொண்டே சத்தம் மட்டும் குறைந்தால்தான் பயப்பட வேண்டும். குழந்தை களைத்துப்போய் காற்றே குறைவாகப் போகிறது என்று அர்த்தம்.

படி 3: பால் கொடுக்கும் முறை

சிக்கல் இங்கேதான் அதிகம். சப்பி, விழுங்கி, மூச்சு விட்டு, மறுபடி சப்ப வேண்டும். வழி குறுகிய குழந்தைக்கு மூச்சு விடும் நேரம் தாமதமாக வரும். அதற்குள் அடுத்த மடக்குப் பால் வந்துவிட்டால் புரையேறும்.

தாய்ப்பால் என்றால், அம்மா சற்றுச் சாய்ந்து உட்கார்ந்து, குழந்தையைத் தன் மேல் கவிழ்ந்தாற்போல் பிடிக்கட்டும். பால் பீச்சி அடித்தால் முதலில் கொஞ்சம் கறந்துவிட்டுக் கொடுக்கலாம்.

புட்டிப்பால் என்றால், குழந்தையின் தலை உயர்ந்திருக்க ஒருக்களித்துப் பிடியுங்கள். மெதுவாகச் சொட்டும் நிப்பிள் போடுங்கள். 3 முதல் 5 முறை சப்பியதும், நிப்பிளை வாயிலிருந்து எடுக்காமலே புட்டியின் அடிப்பக்கத்தைத் தாழ்த்துங்கள். நிப்பிளில் உள்ள பால் புட்டிக்குள்ளேயே திரும்ப இறங்கிவிடும். குழந்தை இரண்டு மூன்று மூச்சு விடும். பிறகு உயர்த்துங்கள். நிப்பிள் ஓட்டையைப் பெரிதாக்கும் பழக்கத்தை இந்தக் குழந்தையிடம் அறவே விடுங்கள்.

சங்கு, பாலாடையில் சாய்த்து ஊற்றவும் கூடாது. டாக்டரே பாலாடை சொல்லியிருந்தால் உதட்டில் சில துளிகள் மட்டும் படவிட்டு, விழுங்கி மூச்சு விட்ட பிறகு அடுத்ததைக் கொடுங்கள்.

ஒரு வேளைப் பால் அரை மணி நேரத்தைத் தாண்டினால் குடிக்கிற உழைப்பிலேயே சக்தி கரைந்துவிடும். கொஞ்சம் கொஞ்சமாக, அடிக்கடி கொடுங்கள். நடுவிலும் ஏப்பம் எடுங்கள். முடிந்ததும் 20–30 நிமிடம் தோளில் நிமிர்த்தி வையுங்கள். எதுக்களித்து மேலே வரும் அமிலம் தளர்ந்த சவ்வை வீங்க வைத்து வழியை மேலும் குறுக்கும்.

பால் குடித்த பிறகு குரல் நீரில் கொப்பளிப்பது போல் கேட்பது, குடிக்கும்போது கண்ணில் நீர் கோப்பது, அடிக்கடி நெஞ்சுச் சளிக் காய்ச்சல் வருவது: இவை இருந்தால் இருமல் இல்லாமலே பால் நுரையீரலுக்குள் போகலாம். விழுங்குவதை எக்ஸ்ரே வீடியோவாக எடுத்துப் பார்க்கும் பரிசோதனை பற்றிக் கேளுங்கள். நீங்களாகவே மாவு கலந்து பாலைக் கெட்டியாக்காதீர்கள்.

படி 4: எடை

வாரம் ஒருமுறை, அதே தராசில், துணியில்லாமல் நிறுத்து எழுதுங்கள். முதல் 3 மாதத்தில் நாளுக்கு ஏறத்தாழ 20–30 கிராம் ஏற வேண்டும். இரண்டு வாரம் ஏறாமல் நின்றால் காது மூக்கு தொண்டை மருத்துவரைப் பார்த்துவிடுங்கள். மயக்க மருந்து இல்லாமலே மூக்கு வழியாக மெல்லிய கேமரா விட்டுக் குரல்வளையைப் பார்ப்பார்கள். எடை ஏறாத, மூச்சு நிற்கிற சில குழந்தைகளுக்குக் கூடுதல் சவ்வை நறுக்கி வழியைத் திறக்கும் அறுவை சிகிச்சை தேவைப்படும்.

செய்யவே கூடாதவை

குளிப்பாட்டும்போது தொண்டைக்குள் விரல் விட்டுச் சளி எடுப்பதும், மூக்கில் எண்ணெய் விடுவதும் ஆபத்து. எண்ணெய் நுரையீரலில் இறங்கினால் நிமோனியா வரும். சாம்பிராணிப் புகையும் வேண்டாம். தலையணை வைக்காதீர்கள், குப்புறப் போட்டுத் தூங்க வைக்காதீர்கள். சத்தம் கூடினாலும், டாக்டர் வேறுவிதமாகச் சொல்லாதவரை தூக்கம் மல்லாந்துதான்.

உடனே ஓட வேண்டியது எப்போது?

உதடோ நாக்கோ நீலம் பாய்ந்தால், மூச்சு இடையிடையே நின்றால், பால் குடிக்கவே முடியாமல் துவண்டால் 108-ஐ அழையுங்கள். வண்டி வரும்வரை பால், தண்ணீர் எதுவும் கொடுக்காமல், தாடை நெஞ்சில் முட்டாதபடி நிமிர்த்திப் பிடித்திருங்கள்.