நாவலிலிருந்து வந்த இரண்டாம் பாகப் படத்துக்கு விமர்சனம் எழுதுவது எப்படி?

எடுத்துக்காட்டுக்கு ‘டியூன்: பாகம் இரண்டு’ (2024) படத்தை எடுத்துக்கொள்வோம். ஃபிராங்க் ஹெர்பர்ட்டின் 1965 நாவலை டெனி வில்நெவ் இரண்டு படங்களாக எடுத்தார். முதலாவது 2021-இல் வந்தது. படம் பார்க்காதவர்கள் கவனிக்க: முடிவு வரை பேசப்போகிறேன். இப்படி ஓர் எச்சரிக்கையை நீங்களும் மேலேயே போட்டுவிடுங்கள்.

1. முன்கதையைச் சுருக்குங்கள்
எதிரிக் குடும்பமான ஹார்கோனன்கள் நாயகன் பால் அட்ரெய்டிஸின் குடும்பத்தை அழித்தார்கள். அவனும் கருவுற்ற தாய் ஜெசிகாவும் பாலைவனத்து ஃப்ரெமன் மக்களிடம் அடைக்கலம் தேடினார்கள். இது போதும்.

2. மாற்றங்களை எடைபோடுங்கள்
புதிதாக எழுதுபவர்கள் தடுமாறும் இடம் இதுதான். “புத்தகத்தில் இருந்தது, படத்தில் இல்லை” என்று பட்டியல் போட்டால் அது விமர்சனம் ஆகாது. அந்த மாற்றத்தால் கதைக்கு என்ன ஆனது என்று கேளுங்கள்.

பாலின் காதலி, ஃப்ரெமன் பெண் சானி. நாவலில் அவள் கடைசிவரை நாயகன் பக்கம் நிற்கிறாள். படத்திலோ அவள் மீட்பர் வருவார் என்ற வாக்கையே நம்பாதவள். முடிவில் அவனை விட்டுப் போய்விடுகிறாள். தலைவனைக் கண்மூடித்தனமாக நம்பாதே என்பதுதான் ஹெர்பர்ட் சொல்ல வந்தது. நாவலில் நாயகனின் மனதுக்குள் ஓடும் பயத்தை நாம் நேரடியாகப் படிக்கிறோம். திரையில் அந்தச் சந்தேகத்தைத் தாங்க ஒரு முகம் வேண்டும். சானியாக நடித்த ஜென்டேயாவின் முகம் அதைத் தாங்குகிறது. படத்தின் மிகச் சிறந்த மாற்றம் இதுதான் என்பேன்.

அப்புறம் ஆலியா. நாவலில் நடுவே ஆண்டுகள் ஓடிவிடும். பாலின் தங்கை ஆலியா சிறுமியாக வந்து ஹார்கோனன்களின் தலைவனான பாரனைக் கொல்வாள். படம் முடியும்போதும் அவள் தாய் வயிற்றில்தான் இருக்கிறாள். காலம் சுருங்கியதில் வேகம் கூடியது உண்மை. ஆனால் வந்து சில மாதங்களே ஆனவனை ஒரு மக்கள் கூட்டமே தலைவனாக ஏற்பது அவசரமாகத் தெரிகிறது. லாபத்தோடு நஷ்டத்தையும் எழுதுங்கள்.

3. ஒரே ஒரு காட்சியை விரித்து எழுதுங்கள்
“ஒளிப்பதிவு பிரமாதம்” என்றால் வாசகருக்கு ஒன்றும் தெரியாது. ஹார்கோனன்களின் கீடி பிரைம் கிரகத்தில் நடக்கும் அரங்கச் சண்டையை ஒளிப்பதிவாளர் கிரேக் ஃப்ரேசர் அகச்சிவப்பு ஒளியில் கறுப்பு வெள்ளையாகப் படம்பிடித்தார். கறுப்புச் சூரியனுக்குக் கீழே தோல் வெளிறி, மனிதர்கள் ரத்த ஓட்டமே இல்லாதவர்கள் போலத் தெரிகிறார்கள். ஹார்கோனன்கள் எப்படிப்பட்டவர்கள் என்பதற்கு அங்கே வசனம் தேவைப்படவில்லை.

4. யாருக்கான படம் என்று சொல்லுங்கள்
சரி, தீர்ப்பு. நாவல் படிக்காதவர்கள் தாராளமாகப் பார்க்கலாம். முதல் பாகம் பார்க்காதவர்கள் அதை முடித்துவிட்டு வரட்டும். 166 நிமிடம் ஓடும் இந்தப் படம் யாருக்காகவும் நின்று முன்கதை சொல்வதில்லை.