கொப்னிட்: அரிய ஐரிஷ் பெண்பெயர் ஒன்றின் பொருளையும் வரலாற்றையும் கண்டறியும் முறை

'கொப்னிட்' என்னும் ஐரிஷ் பெண்பெயரின் பொருளைத் தேடுபவர், பெயர்ப் பட்டியல் ஒன்றில் 'மகிழ்ச்சி தருபவள்' என்றும், வேறொன்றில் 'தேனீ' என்றும், மற்றொன்றில் 'சிறிய கொல்லப் பெண்' என்றும் காண்பார். ஒன்றோடொன்று சற்றும் ஒட்டாத மூன்று பொருள்கள் ஒரே பெயருக்கு எப்படி வந்தன என்று கேட்டு விடை தேடினாலே அந்தப் பெயரின் வரலாறு முழுவதும் கைக்கு வந்துவிடும். இவற்றுள் சொல்லுக்கு உரிய பொருள் ஒன்றுதான். மற்றொன்று அப்பெயரைத் தாங்கிய புனிதரின் கதையிலிருந்து வந்து ஒட்டிக்கொண்டது. எஞ்சிய ஒன்று, ஐரிஷ் பெயர்களை ஆங்கில ஏடுகளில் எழுதவேண்டியிருந்த காலத்தில் அதன்மேல் போர்த்தப்பட்ட விவிலியப் பெயரின் பொருள். ஆகவே அரிய ஐரிஷ் பெயர் எதை ஆராய்ந்தாலும் சொல், அதைத் தாங்கிய ஆள், அதற்கு இடப்பட்ட ஆங்கில மாற்றுப்பெயர் ஆகிய மூன்றையும் தனித்தனியே பிரித்துப் பார்க்கவேண்டும் என்பதே என் உறுதியான கருத்து. அந்தப் பிரிப்பை எப்படிச் செய்வது என்பதைக் கொப்னிட்டை வைத்தே விளக்குகிறேன்.

முதலில் பெயரின் ஐரிஷ் எழுத்து வடிவத்தை உறுதிசெய்துகொள்ளுங்கள். இன்றைய வழக்கில் இது ஜி, ஓ, பி, என், ஏ, ஐ, டி என்னும் ஏழு எழுத்துகளால் எழுதப்படுகிறது. பழைய சுவடிகளில் இறுதியில் ஐ இல்லாமலும், ஆங்கில வழி எழுதியவர்களிடம் ஏ, ஐ இரண்டுக்கும் பதிலாக ஒரே ஈ எழுத்தோடும் காணப்படும். இவை மூன்றும் ஒரே பெயர்தான். தமிழ் எழுத்தில் ஒலிப்பு முழுமையாகப் பிடிபடாது என்பதால் ஒரு குறிப்பு தருகிறேன்: முதலெழுத்தைக் 'கங்கை' என்னும் சொல்லின் இரண்டாவது ககரம்போலவும், நடுவில் உள்ள ப் என்பதை 'அன்பு' என்பதில் வரும் பகரம்போலவும் ஒலிக்கவேண்டும். முதல் உயிர் ஒகரத்துக்கும் உகரத்துக்கும் இடைப்பட்டது. அழுத்தம் முதல் அசையில் விழும். இரண்டாம் அசை தேய்ந்து குறுகி ஒலிக்கும்.

அடுத்து விகுதியைப் பாருங்கள். ஐரிஷ் பெயர்களில் விகுதியே பாதி விடையைத் தந்துவிடும். 'னிட்' என முடியும் பெண்பெயர்கள் பழைய ஐரிஷில் ஒரு குடும்பமாகவே உள்ளன. அந்த விகுதி சிறுமையையும் செல்லத்தையும் பெண்பாலையும் ஒருசேரக் குறிக்கும். அதற்கு இணையான ஆண்பால் விகுதி 'ஆன்'. கருமை என்னும் பொருளுடைய 'கீர்' என்ற சொல்லிலிருந்து ஆணுக்குக் கீரான் என்றும் பெண்ணுக்குக் கீர்னிட் என்றும் பெயர்கள் பிறந்தன. மங்கிய பழுப்பு நிறத்தைக் குறிக்கும் சொல்லிலிருந்து ஓரான், ஓர்னிட் என்னும் இணை வந்தது. எருதையும் கலைமானையும் குறிக்கும் சொல்லோடு இதே விகுதி சேர்ந்து பிறந்த டவ்னிட் என்னும் பெயர், டிம்ஃப்னா என்னும் வடிவில் ஐரோப்பாவெங்கும் அறியப்பட்டது. இந்த வரிசையில் வைத்துப் பார்த்தால் கொப்னிட் என்பது கொப்பான் என்னும் ஆண்பெயரின் பெண்பால் இணை என்பது தெளிவாகிறது. கீரான் என்று கேட்டவுடன் நமக்குச் சங்கப் புலவர் கீரனின் நினைவு வருவது இயல்புதான். ஆயினும் ஒலி ஒத்திருப்பதை மட்டும் வைத்து வேர் ஒன்றெனக் கொள்வது, பெயராய்வில் தவறாமல் விலக்கவேண்டிய பழக்கம்.

விகுதியைக் கழற்றியபின் எஞ்சும் பகுதியை அகராதியில் தேடவேண்டும். இன்றைய ஐரிஷ் அகராதி இதற்குப் போதாது. நடுக்காலம் வரையிலான ஐரிஷ் சொற்களைத் தொகுத்து இணையத்தில் இலவசமாகக் கிடைக்கும் பேரகராதியையே பார்க்கவேண்டும். கொல்லனைக் குறிக்கும் பழைய ஐரிஷ் சொல் அங்கே கிடைக்கும். தொன்மக் கதைகளில் தேவர் குலத்தாருக்குப் படைக்கலம் அடித்துத் தரும் கோய்வ்னு என்பவனின் பெயரும், நாட்டார் கதைகளில் ஒப்பற்ற கைவினைஞனாக வரும் கொப்பான் சேர் என்பவனின் பெயரும் இதே சொல்லைச் சேர்ந்தவை. அயர்லாந்தில் பரவலாக உள்ள மக்கவன் என்னும் குடும்பப்பெயரும் 'கொல்லன் மகன்' என்று பொருள்படுவதே. அதைத் தாங்கிய பலர் பிற்காலத்தில் 'ஸ்மித்' என்று மொழிபெயர்த்து வைத்துக்கொண்டார்கள். அலகு, வாய் என்று பொருள்படும் 'கொப்' என்னும் சொல்லிலிருந்து பெயரை விளக்க முயன்றவர்களும் உண்டு. கொப்பான், கோய்வ்னு என்னும் பெயர்களோடு உள்ள உறவை அந்த விளக்கத்தால் காட்ட முடியாது என்பதால், கொல்லன் என்னும் வேரையே நான் ஏற்கிறேன். எனவே சொல்லின் பொருள் 'சிறிய கொல்லப் பெண்'.

இனி ஆளுக்கு வருவோம். இந்தப் பெயர் இன்றுவரை நிலைத்திருப்பதற்குக் காரணம் ஒரே ஒரு பெண்தான்: அயர்லாந்தின் தென்மேற்கில், கார்க் மாவட்டத்தின் பாலிவூர்னி என்னும் ஊரில் துறவியர் இல்லத் தலைவியாக இருந்தவராகப் போற்றப்படும் புனித கொப்னிட். மரபு அவரை 6ஆம் நூற்றாண்டில் வைக்கிறது. அவருடைய வாழ்வைச் சொல்லும் தனிப் பழஞ்சரிதம் எதுவும் நம் கைக்கு வரவில்லை. புனித அப்பான் என்பவரின் சரிதத்தில், பாலிவூர்னி இல்லத்தை அமைத்து அவர் கொப்னிட்டிடம் ஒப்படைத்த செய்தி வருகிறது. 9ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தை ஒட்டி ஓங்கஸ் என்னும் துறவி செய்யுளாக இயற்றிய புனிதர் நாட்காட்டி வழியாகவும் கொப்னிட் அறியப்படுகிறார். அவருடைய திருநாள் பிப்ரவரி 11. ஐரிஷ் புனிதரின் பெயரை ஆராயும்போது திருநாளை முதலில் குறித்துக்கொள்ளுங்கள். ஒரே பெயரில் பல புனிதர்கள் இருக்கும் நாட்டில், நாளே அவர்களை வேறுபடுத்தும் அடையாளம்.

எழுத்துச் சான்று குறைவாக இருக்கும் இடத்தில் வாய்மொழி மரபு பெருகி நிற்கும். கொப்னிட் கிளேர் பகுதியில் பிறந்து, பகைவர்களிடமிருந்து தப்பி ஆரன் தீவுகளுள் சிறியதான இனிஷீரில் தங்கியிருந்தார் என்றும், ஒன்பது வெள்ளை மான்கள் மேய்வதைக் காணும் இடத்தில்தான் உன் ஊழியம் என்று ஒரு வானதூதர் அவருக்குச் சொன்னார் என்றும் கதை சொல்கிறது. குளோன்ட்ரோஹிட்டில் மூன்று மான்களும், பாலிமக்கீராவில் ஆறும் தென்பட்டன. பாலிவூர்னியில் ஒன்பதும் நின்றன. இக்கதையை நிகழ்ந்த வரலாறாகக் கொள்ளவேண்டியதில்லை. ஆனால் அதில் வரும் ஊர்கள் யாவும் வரைபடத்தில் உள்ளவை. புனிதரின் வழிபாடு எந்த நிலப்பரப்பில் பரவியிருந்தது என்பதைக் கதையே வரைந்து காட்டுகிறது. இனிஷீரில் அவர் பெயரால் ஒரு சிறிய பழங்கோவில் இன்றும் நிற்கிறது.

ஊர்ப்பெயர்களையும் இதே நோக்கில் தேடுங்கள். அயர்லாந்து அரசின் இடப்பெயர்த் தரவுத்தளம் ஒவ்வோர் ஊரின் ஐரிஷ் வடிவத்தையும் இலவசமாகத் தருகிறது. 'கில்' என்பது கோவிலைக் குறிக்கும். கெரி மாவட்டத்திலும் வாட்டர்ஃபோர்டு மாவட்டத்திலும் உள்ள கில்கொப்னெட் என்னும் ஊர்கள் 'கொப்னிட்டின் கோவில்' என்றே பொருள்படும். தேடும்போது ஒரு நுட்பத்தை மறக்கவேண்டாம்: ஐரிஷில் சில சொற்களுக்குப் பின் வரும் பெயரின் முதல் மெய் இளகும், அப்போது ஜி எழுத்தை அடுத்து எச் சேர்த்து எழுதுவார்கள். எச் இல்லாமல் மட்டும் தேடினால் பாதிச் சான்றுகள் தப்பிவிடும்.

தேனீக்கள் எப்படி வந்தன? மாடுகளைக் கவர்ந்து செல்ல வந்த கொள்ளையர்மீது கொப்னிட் தம் தேனீக்களை ஏவி அவர்களை விரட்டினார் என்பது பாலிவூர்னியின் புகழ்பெற்ற கதை. பழைய அயர்லாந்தில் தேனீ வளர்ப்பு எத்துணை மதிப்புடையது என்பதற்கு, தேனீக்கள் பற்றிய வழக்குகளுக்கென்றே 7ஆம் நூற்றாண்டில் ஒரு தனிச் சட்டநூல் எழுதப்பட்டதே போதிய சான்று. தேன் மருந்தாகவும் பயன்பட்டது. கொப்னிட்டை மக்கள் நோய் தீர்ப்பவராகவும் போற்றினர். இவ்வாறு தேனீ அவருடைய சின்னமாயிற்று. கார்க் பல்கலைக்கழக வளாகத்தில் 1916இல் அர்ப்பணிக்கப்பட்ட ஹொனன் சிற்றாலயத்தில், ஹாரி கிளார்க் வரைந்த வண்ணக்கண்ணாடிச் சாளரத்தில் நீல உடையணிந்த கொப்னிட்டைத் தேனீக்கள் சூழ்ந்திருக்கின்றன. பாலிவூர்னியில் ஷேமஸ் மர்ஃபி செதுக்கிய சிலையிலும் அவர் தேன்கூட்டின்மேல் நிற்கிறார். சின்னம் இவ்வளவு அழுத்தமாக மனத்தில் பதிந்தபின், பெயருக்கே 'தேனீ' என்று பொருள் சொல்லிவிடுவது எளிதாகிவிட்டது.

இந்த இடத்தில் மண் தந்த சான்றைச் சேர்த்துப் பார்க்கவேண்டும். இந்தப் பெயரின் வரலாற்றில் என்னை மிகவும் நெகிழச் செய்வது அதுவே. பிற்காலத்தில் நியூகிரேஞ்சு தொல்லடக்க மேட்டை அகழ்ந்து புகழ்பெற்ற எம். ஜே. ஓ'கெல்லி, பாலிவூர்னியில் 'கொப்னிட்டின் வீடு' என்று மக்கள் அழைத்துவந்த வட்ட வடிவக் கல்வீட்டை 1951இல் அகழ்ந்தார். அங்கே இரும்புக் கசடும் உலைக்குழிகளும் கிடைத்தன. இரும்பு வேலை நடந்த இடம் அது. புனிதரே சம்மட்டி பிடித்தார் என்று இதைக்கொண்டு நிறுவ முடியாது. எனினும் ஊர்மக்கள் தேனீயை நினைவில் வைத்திருந்த அதே இடத்தில், பெயரின் வேர் சொல்லும் கொல்லர் தொழில் மண்ணுக்கடியில் காத்திருந்தது. அகராதியில் கிடைத்த பொருளைத் தொல்லியல் அறிக்கையோடு ஒப்பிடும் வாய்ப்பு மிகச் சில பெயர்களுக்கே அமையும். அமைந்தால் அதைத் தவறவிடக் கூடாது.

மூன்றாவதாக ஆங்கில மாற்றுப்பெயர். ஆங்கிலத்தில் பதிவேடு எழுதியவர்களுக்குக் கொப்னிட் என்பது அயலான ஒலி. அதனால் அதே பெண், வீட்டில் கொப்னிட்டாகவும் ஏட்டில் அபிகாயிலாகவோ தெபோராவாகவோ இருந்தாள். தெபோரா என்பதற்கு எபிரேயத்தில் 'தேனீ' என்று பொருள். தேனீக்களின் புனிதருக்கு அது பொருந்தியது. அபிகாயில் என்பதற்குத் 'தந்தையின் மகிழ்ச்சி' என்று பொருள். அந்த மகிழ்ச்சியே பட்டியல்களில் 'மகிழ்ச்சி தருபவள்' என்று கொப்னிட்டின் பொருளாக ஏறிவிட்டது. அபி, அபினா என்னும் சுருக்க வடிவங்களும் கார்க், கெரி மாவட்டங்களில் வழங்கின.

குடும்பத்தில் இப்பெயரைத் தாங்கிய மூதாட்டி ஒருவரைத் தேடுபவருக்கு இது நேரடியாகப் பயன்படும். அயர்லாந்தில் எல்லாப் பிறப்புகளையும் அரசு பதியத் தொடங்கியது 1864இல். அதற்கு முந்தைய பிறப்புகளுக்குத் திருமுழுக்குப் பதிவேடுகளைத்தான் நாடவேண்டும். கத்தோலிக்கப் பங்குகளின், அதாவது கோவில் வட்டாரங்களின், பதிவேடுகளை அயர்லாந்து தேசிய நூலகம் 2015இல் இணையத்தில் இலவசமாக வெளியிட்டது. அவற்றில் பெயர்கள் லத்தீன் வடிவில் எழுதப்பட்டிருக்கக்கூடும் என்பதையும் நினைவில் கொள்ளுங்கள். 1901, 1911 ஆண்டுகளின் மக்கள்தொகைக் கணக்கெடுப்புப் படிவங்களைத் தேசிய ஆவணக் காப்பகத்தின் தளத்தில் காணலாம். 19ஆம் நூற்றாண்டின் முற்பாதிக் கணக்கெடுப்புகளுள் பெரும்பகுதி, 1922இல் டப்ளினின் பொது ஆவண அலுவலகம் தீப்பற்றியபோது அழிந்துவிட்டது. எனவே கிடைக்கும் ஏடுகளில் ஒரு வடிவத்தோடு நிற்காமல் கொப்னிட், அபிகாயில், அபி, அபினா, தெபோரா என எல்லா வடிவங்களையும் தேடி, பெற்றோர் பெயரும் ஊரும் ஒத்துவருகின்றனவா என்று சரிபாருங்கள். ஒரே பெண் இரண்டு கணக்கெடுப்புகளில் இரண்டு பெயரோடு இருக்கலாம் என்பதால், ஒன்றில் காணாவிட்டால் இறந்துவிட்டார் என்று முடிவுசெய்துவிட வேண்டாம்.

பெயர் இன்று எவ்வளவு அரிது என்பதை அயர்லாந்தின் மத்தியப் புள்ளியியல் அலுவலகம் 1964 முதல் தரும் குழந்தைப் பெயர்த் தரவில் பார்க்கலாம். ஓர் ஆண்டில் மூன்றுக்கும் குறைவான குழந்தைகளுக்கு இடப்பட்ட பெயர்கள் அதில் வெளியிடப்படுவதில்லை. ஆகவே ஓர் ஆண்டில் பெயர் காணப்படாவிட்டால் அதை யாருமே இடவில்லை என்று கொள்ளக் கூடாது. நாட்டார் கதைகளுக்கு, 1937 முதல் 1939 வரை பள்ளிச் சிறுவர் தம் ஊர்ப் பெரியவர்களிடம் கேட்டு எழுதிய பெருந்தொகுப்பு இணையத்தில் உள்ளது. புனித கிணறுகள், அங்கே நோய் குணமானவர்கள், திருநாள் வழக்கங்கள் பற்றிய செய்திகளுக்கு அதைவிடச் செழிப்பான இடத்தை நான் அறியேன்.

இந்தப் பெயரை மகளுக்கு இட எண்ணுபவர், ஏட்டு ஆய்வோடு பாலிவூர்னியின் வழக்கத்தையும் அறிந்துகொள்வது நல்லது. 1601இல் திருத்தந்தை எட்டாம் கிளமென்ட், கொப்னிட்டின் திருநாளில் அவ்வூர்க் கோவிலுக்கு வருவோருக்குப் பாவத் தண்டனையைக் குறைக்கும் சிறப்புப் பலன் வழங்கினார். வழிபாடு அதற்கும் பழமையானது. நடுக்காலத்தைச் சேர்ந்த மரச்சிலை ஒன்று பங்கின் பாதுகாப்பில் உள்ளது. பிப்ரவரி 11 அன்று அது கோவிலில் வைக்கப்படும்போது, மக்கள் தாங்கள் கொண்டுவந்த நாடாவைச் சிலையின் நெடுக்கிலும் சுற்றிலும் வைத்து அளந்து, அந்த நாடாவை வீட்டுக்கு எடுத்துச்சென்று நோயுற்றவருக்காக ஆண்டு முழுவதும் வைத்திருப்பார்கள். 'கொப்னிட்டின் அளவு' என்று அதற்குப் பெயர். அவ்வூரார் அதைச் சொல்லும்போது புனிதரின் பெயர் 'கொப்னட்டன்' என்று நீண்டு ஒலிக்கும். அகராதியிலோ பெயர்ப் பட்டியலிலோ தேடுபவர் கண்ணில் எளிதில் படாத வடிவம் அது. உங்கள் குறிப்பேட்டில் அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.