விமர்சன நூல்களைப் படிக்கும்போது எங்கே வழுக்குகிறோம்?

கலை இலக்கிய விமர்சனத்துக்குள் நுழைகிறவர்கள் முதலில் தேடுவது பட்டியலைத்தான். அரிஸ்டாட்டில், எலியட், பெஞ்சமின், பார்த், சான்டாக், பெர்ஜர் என்று எந்தப் பட்டியலிலும் ஏறக்குறைய அதே பெயர்கள். பட்டியல்மீது எனக்குப் புகார் இல்லை. அதை மேலிருந்து கீழே வரிசையாகப் படித்துத் தீர்த்துவிட நினைப்பதில்தான் சிக்கல். இரண்டாவது நூலிலேயே பெரும்பாலானோர் நின்றுவிடுகிறார்கள். பழியைத் தங்கள் அறிவின்மேல் போட்டுக்கொள்கிறார்கள்.

உண்மைக் காரணம் வேறு. விமர்சகர்கள் எந்தப் படைப்பைப் பற்றிப் பேசுகிறார்களோ அந்தப் படைப்பு வாசிப்பவர் கையில் இல்லை. அரிஸ்டாட்டிலின் 'கவிதையியல்' நூலில் ஈடிபஸ் நாடகம் திரும்பத் திரும்ப எடுத்துக்காட்டாக வருகிறது. நாடகத்தைப் படிக்காதவருக்கு அந்த நூல் வெறும் இலக்கண விதி. சோஃபக்ளீஸ் எழுதிய அந்த நாடகத்தை ஒரு மாலையில் படித்துவிடலாம். அதன்பின் 'திருப்பம்', 'உணர்தல்' என்று அரிஸ்டாட்டில் எதைச் சொல்கிறார் என்பதற்கு உரையே வேண்டாம்.

இதைவிடப் பெரிய தவறு, ஒரு சண்டையில் ஒரு தரப்பு பேசியதைத் தீர்ப்பாக எடுத்துக்கொள்வது. நல்ல விமர்சனக் கட்டுரைகளில் பல யாருக்கோ சொன்ன மறுமொழி. "ஆசிரியன் இறந்துவிட்டான்" என்ற வரியைக் கட்டுரையைப் படிக்காமலே எல்லா விவாதத்திலும் வீசுகிறோம். 1967இல் பிரெஞ்சு விமர்சகர் ரோலான் பார்த் அதை எழுதியபோது அவருக்கு எதிரே இருந்தது ஒரு பழக்கம்: வான்கோவின் ஓவியத்துக்கு அவருடைய பித்தையும், போதலேரின் கவிதைக்கு அவருடைய வாழ்க்கைத் தோல்வியையும் விளக்கமாக வைத்துவிட்டு எழுந்து போகிற பழக்கம். அது தெரியாமல் படித்தால், 'யாரும் எதையும் எப்படியும் பொருள்கொள்ளலாம்' என்ற மலிவான முடிவுதான் மிஞ்சும்.

இதே இடத்தில் இன்னொரு குழப்பமும் உண்டு. 1946இலேயே விம்சாட், பியர்ட்ஸ்லி என்ற இருவர், ஒரு படைப்பை மதிப்பிட ஆசிரியரின் நோக்கம் அளவுகோல் ஆகாது என்று வாதிட்டார்கள். பார்த்தும் அதைத்தானே சொல்கிறார் என்று சேர்த்துக் கட்டிவிடுகிறோம். ஆனால் அந்த இருவரும் நம்மைப் பிரதிக்குள்ளேயே, அதாவது படைப்பின் சொற்களுக்குள்ளேயே, நிற்கச் சொல்கிறார்கள். பார்த் வாசகர் பக்கம் கதவைத் திறந்துவிடுகிறார். 1969இல் பிரெஞ்சுச் சிந்தனையாளர் ஃபூக்கோ கேள்வியையே மாற்றி, ஆசிரியர் பெயர் என்ற ஒன்று சமூகத்தில் என்ன வேலை செய்கிறது என்று கேட்டார். மூன்றும் கட்டுரைகள்தாம். மூன்றையும் ஒரே வாரத்தில் அடுத்தடுத்துப் படிப்பது, தடித்த கோட்பாட்டு நூல் ஒன்றைப் பாதியில் விடுவதைவிட எவ்வளவோ மேல்.

சூசன் சான்டாக்குக்கும் இதே கதிதான். 1964இல் வந்த 'விளக்கத்துக்கு எதிராக' கட்டுரையைச் சொல்லி, கலையைப் பற்றி யோசிக்கவே கூடாது, உணர்ந்தால் போதும் என்பவர்கள் இருக்கிறார்கள். அவர் எதிர்த்தது, படைப்பை ஒதுக்கிவிட்டு அதன் இடத்தில் 'உட்பொருள்' ஒன்றை நட்டுவைக்கும் வேலையை. வடிவத்தைக் கூர்ந்து விவரிக்கும் விமர்சனம் வேண்டும் என்று அதே கட்டுரையில் கேட்கிறார். அது உணர்ந்தால் போதும் என்பதைவிடக் கடினமான வேலை.

அறிமுக நூல்களைப் பற்றி ஒரு சொல். டெரி ஈகிள்டனின் இலக்கியக் கோட்பாட்டு அறிமுகம் (1983) படிக்கச் சுவையானது, அங்கங்கே சிரிக்கவும் வைக்கும். ஆனால் அவர் மார்க்சியர். அரசியல் விமர்சனத்தை நோக்கியே நூலைக் கொண்டுபோய் முடிக்கிறார். அவரை நடுவராக நினைத்துப் படிக்காமல், ஒரு கட்சிக்காரராக நினைத்துப் படித்தால் நூல் இன்னும் சுவைக்கும்.

ஓவியம் பற்றிய நூல்களில் தவறு கண்ணில் தொடங்குகிறது. ஜான் பெர்ஜரின் 'பார்க்கும் முறைகள்' 1972இல் பிபிசியில் நான்கு பகுதிகளாக வந்து, அதே ஆண்டு நூலாகவும் ஆனது. அதிலுள்ள ஏழு கட்டுரைகளில் மூன்றில் சொற்களே இல்லை, படங்கள் மட்டும்தான். அந்தப் பக்கங்களைப் புரட்டித் தள்ளிவிட்டு 'படித்துவிட்டேன்' என்பவர்களே அதிகம். நூலின் வாதம் அங்கேயும் நடக்கிறது. முதல் கட்டுரையின் முடிவில், அதன் கருத்துகளில் பல ஜெர்மானிய விமர்சகர் வால்டர் பெஞ்சமினிடமிருந்து எடுத்தவை என்று பெர்ஜரே சொல்கிறார். ஆகவே இயந்திரத்தால் படியெடுக்கப்படும் காலத்தில் கலைக்கு என்ன ஆகிறது என்று கேட்கும் பெஞ்சமினின் கட்டுரைக்குப் போக நல்ல வழி இதுதான்; அதிலேயே நேராகக் குதிப்பவர்கள் பெரும்பாலும் திணறுகிறார்கள்.

படத்தின் அளவைப் பார்க்காமல் விடுவதும் இதில் சேரும். பிக்காசோவின் 'கெர்னிகா' ஓவியம் ஏறக்குறைய 3.5 மீட்டர் உயரம், 7.8 மீட்டர் அகலம். மோனாலிசா 77 செ.மீ. உயரம், 53 செ.மீ. அகலம். கைபேசித் திரையில் இரண்டும் ஒரே அளவு. படத்தின் கீழே அச்சிட்டிருக்கும் அந்தச் சிறு எண்களைப் படிக்காமல் விமர்சகரோடு உடன்படுவதும் முரண்படுவதும் வீண்.

கலை வரலாற்றுக்குக் கோம்ப்ரிச்சின் 'கலையின் கதை'யை (1950) எல்லாரும் சொல்வார்கள், நானும் சொல்வேன். அதை மட்டும் படிப்பதுதான் பிழை. முதல் பதிப்பில் ஒரு பெண் கலைஞர்கூட இல்லை. பக்கத்திலேயே லிண்டா நாக்லினின் 1971ஆம் ஆண்டுக் கட்டுரையை வைத்துக்கொள்ளுங்கள்: மகத்தான பெண் ஓவியர்கள் ஏன் தோன்றவில்லை என்ற கேள்வி. அதையும் அவசரமாகப் படித்து, மறந்துபோன பெண் பெயர்களின் பட்டியலை எதிர்பார்க்கிறவர்கள் ஏமாறுவார்கள். பெயர் தேடுவதை அவர் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. ஆடையற்ற மாதிரியைப் பார்த்து வரையும் பயிற்சி கலைக்கழகங்களில் பெண்களுக்கு நெடுங்காலம் மறுக்கப்பட்டதைக் காட்டி, நிறுவனங்களைக் கேள்வி கேட்கிறார்.

கடைசியாக, விமர்சனம் என்றாலே வெளியிலிருந்து வந்தது என்று நம்முடைய பழைய உரைகளைப் படிக்காமல் தாண்டிப் போகும் தவறு. பத்துப்பாட்டுக்கு நச்சினார்க்கினியர் எழுதிய உரையையும், அவர் முல்லைப்பாட்டின் அடிகளை இடம்மாற்றிப் பொருள் சொன்னதை மறுத்து மறைமலையடிகள் எழுதிய ஆராய்ச்சியுரையையும் அடுத்தடுத்து வைத்துப் படித்துப் பாருங்கள். 103 அடிப் பாட்டுதான். முதலில் பாட்டு, பிறகு உரை, அதன்பின் மறுப்பு என்ற வரிசையில்.