தாப்பியோ ரௌத்தவாராவை எங்கிருந்து கேட்கத் தொடங்குவது

பின்லாந்துப் பாடகர் தாப்பியோ ரௌத்தவாரா என்று தேடினால் முதலில் கண்ணில் படுவது 1948 லண்டன் ஒலிம்பிக்கில் அவர் ஈட்டி எறிந்து வாங்கிய தங்கப் பதக்கம்தான். அங்கிருந்து ஆரம்பிக்காதீர்கள். பதக்கத்தைப் பிடித்துக்கொண்டு போனால் விளையாட்டு வீரர், கூடவே கொஞ்சம் பாடினார், நடித்தார் என்று ஒரு வரியில் முடிந்துவிடும். பாட்டிலிருந்து போங்கள், ஆள் முழுசாகக் கிடைப்பார்.

தேடும்போது ஒரு சின்ன விஷயம். ஆங்கில எழுத்தில் தட்டினால் 'வா' வருகிற இடத்தில் 'ஏ' எழுத்தை இரண்டு தடவை போட வேண்டும். பின்னிஷ் மொழியில் குறிலுக்கு ஓர் எழுத்து, நெடிலுக்கு அதே எழுத்து இரண்டு. துலி என்றால் நெருப்பு, தூலி என்றால் காற்று, துல்லி என்றால் சுங்கம். படம், பாடம், பட்டம் என்று பிரித்துக் கேட்டு வளர்ந்த நம் காதுக்கு இதெல்லாம் தானாகப் பிடிபடும். அவர் பெயரையே பிரித்துப் பாருங்கள்: ரௌத்த என்றால் இரும்பு, வாரா என்றால் குன்று, தாப்பியோ அந்நாட்டுப் பழங்கதைகளில் வரும் காட்டுத் தெய்வம். அந்த அடிக்குரலைக் கேட்டபிறகு இந்தப் பெயர் அவருக்கு எவ்வளவு பொருந்துகிறது என்று தெரியும்.

சரி, முதல் பாட்டு. 'பைவான்சாதே யா மென்னின்கைனென்', அதாவது வெயில் கதிரும் குட்டிப் பூதமும், 1949-இல் வந்தது, எழுதியவர் ரெய்னோ ஹெலிஸ்மா. முதல் தடவை அர்த்தம் எதையும் தேடாமல் கேளுங்கள், குரல் எங்கே தணிகிறது என்று மட்டும் கவனித்துக்கொண்டு. அப்புறம் கதையைத் தெரிந்துகொண்டு இன்னொரு தடவை. பொழுது சாய்கிற நேரம், கடைசியாக ஒரே ஒரு வெயில் கதிர் காட்டில் மிச்சம் இருக்கிறது. மண்ணுக்குள் வாழும் குட்டிப் பூதம் ஒன்று வெளியே வந்து, வாழ்க்கையில் முதல்முறையாக வெளிச்சத்தைப் பார்த்து, அதன்மேல் ஆசைப்பட்டுவிடுகிறது. என்னோடு இருந்துவிடேன் என்று கேட்கிறது. இருட்டில் இருந்தால் நான் செத்துப்போவேன் என்று சொல்லிவிட்டுக் கதிர் போய்விடுகிறது. குழந்தைகளுக்குச் சொல்லக்கூடிய கதைதான், ஆனால் ரௌத்தவாரா அதைப் பாடும்போது எங்கேயும் அழவில்லை, குரலை உடைக்கவில்லை, திண்ணையில் உட்கார்ந்து கதை சொல்கிற மாதிரி நிதானமாகச் சொல்லிக்கொண்டே போகிறார். அதனால்தான் அந்தப் பூதத்தின் தனிமை நம்மேல் இறங்குகிறது. இதற்காகவே நான் எல்லோரையும் இந்தப் பாட்டிலிருந்து தொடங்கச் சொல்கிறேன்.

இது பிடித்துப்போனால் அடுத்தது 'ரெய்சுமியெஸ் யா கிஸ்ஸா', அதாவது ஊர்சுற்றியும் பூனையும். அவர் பாட்டுகளில் திரும்பத் திரும்ப வருகிற ஆள் இந்த நாடோடிதான். ஹெலிஸ்மாவோடும் நகைச்சுவை நடிகர் எசா பக்கரினெனோடும் ஊர் ஊராகப் போய் மேடையில் பாடியவர் என்பதால் அந்த வேஷம் அவருக்கு இயல்பாக ஒட்டியது. ஆனால் நிஜத்தில் அவர் வேர் ஹெல்சிங்கியின் ஔலுன்க்யுலா பகுதியில். 1915-இல் பிறந்த அவரைத் தாய் தனியாளாக அங்கே வளர்த்தார். போர்க்காலத்தில் போர்முனை வானொலியில் வேலை பார்த்தார் என்பதையும் மனதில் வைத்துக் கேளுங்கள்; வீட்டை விட்டு எங்கோ இருக்கிறவர்களுக்குப் பாடிப் பழகிய குரல் அது.

இப்போது ஈட்டிக்கு வரலாம். லண்டனில் அவர் எறிந்தது 69.77 மீட்டர், இரண்டாவதாக வந்த அமெரிக்கர் ஸ்டீவ் சீமோரை விட இரண்டு மீட்டருக்கு மேல் கூடுதல். அப்போதைய உலகச் சாதனை 78.70 மீட்டர், 1938-இல் யிர்யோ நிக்கனென் எறிந்தது, அவரும் பின்லாந்துக்காரர்தான். ஈட்டி என்றால் அந்த நாட்டுக்கு உயிர், அப்படிப்பட்ட இடத்தில் தங்கம் வாங்கியவர் பாட்டுப் பாட வந்தால் மக்கள் எப்படிக் கொண்டாடியிருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள். அதோடு நிற்கவும் இல்லை, 1958-இல் உலக வில்வித்தைப் போட்டியில் பின்லாந்து அணியோடு சேர்ந்து தங்கம் வாங்கினார். 43 வயதில்!

படங்களைக் கடைசியாக வைத்துக்கொள்ளுங்கள். 1950-இல் வந்த 'கௌனிஸ் வேரா', 1958-இல் வந்த 'குல்குரின் மசுர்க்கா' இரண்டும் போதும். தமிழில் வசன வரி கிடைக்காது, இருந்தாலும் பாட்டுக் காட்சிகளை மட்டுமாவது பாருங்கள். நடிப்பில் அவர் பெரிய ஆள் என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் அந்த உயரமும் தோளும் திரையில் வந்து நின்று பாடத் தொடங்கினால் வேறு யாரையும் பார்க்கத் தோன்றாது.

1979 செப்டம்பரில் ஒரு நீச்சல் கூடத்தில் வழுக்கி விழுந்து, தலையில் அடிபட்டு இறந்துபோனார், 64 வயது. இதைத் தெரிந்துகொண்ட பிறகு பூதத்தின் பாட்டை மூன்றாவது தடவை போடுங்கள். ஹெட்போனில், ராத்திரியில்.