கே.பி. சுந்தராம்பாளைப் பள்ளி மேடைக்குக் கொண்டுவருவது எப்படி?

எங்கள் பள்ளி ஆண்டுவிழாவில் மூன்று முறை, நாடக மேடையிலும் திரையிலும் பாடி நடித்த கே.பி. சுந்தராம்பாளின் (கே.பி.எஸ்.) வாழ்க்கையை நாடகமாகப் போட்டிருக்கிறேன். இருபது நிமிடம் போதும். முதலில் பாடத் தெரிந்த பிள்ளையைத் தேடுங்கள். நடிப்பைச் சொல்லிக் கொடுத்துவிடலாம், அந்தக் கணீர்க் குரலுக்கு எங்கே போவது? ஒத்திகை முழுக்க மைக் வேண்டாம். கடைசி வரிசையில் ஒரு பையனை உட்கார வைத்து, சொல் புரியாதபோது கையைத் தூக்கச் சொல்லுங்கள். மைக் இல்லாத கொட்டகைகளில் பாடி வளர்ந்தவர் அவர். அதற்காகப் பிள்ளையைக் கத்த விடாதீர்கள். அதன் சுருதி ஐந்தரைக் கட்டை என்றால் அதிலேயே பாடட்டும்.

முதல் காட்சி ரயில். 1908-இல் காவிரிக்கரைக் கொடுமுடியில் பிறந்தவர், அம்மா பாலாம்பாள். வறுமையில் ரயிலில் பாடிய சிறுமியின் குரல்தான் நாடகத்தில் ஈடுபாடு கொண்ட நடேசய்யர் காதில் விழுந்தது என்பார்கள். இரண்டு பெஞ்சுகளை எதிரெதிரே போட்டு, உட்கார்ந்த பிள்ளைகள் ஒன்றாக ஆடினால் ரயில் ஓடும். சத்தத்துக்கு இரண்டு கொட்டாங்குச்சி.

அப்புறம் கொழும்பு. அங்கேதான் பாடகரும் நாடக நடிகருமான செங்கோட்டை எஸ்.ஜி. கிட்டப்பாவைச் சந்திக்கிறார். 1927-இல் திருமணம். இதை வசனத்தில் சொல்லாதீர்கள். 'வள்ளி திருமணம்' நாடகத்தில் வள்ளியும் வேடனும் பாட்டிலேயே மோதும் தர்க்கக் காட்சியை வையுங்கள். அவள் ஒரு வரி, அவன் ஒரு வரி. குரல் உடையாத ஏழாம் வகுப்புப் பையன் கிட்டப்பாவாக நின்றால் நன்றாக இருக்கும். நாடகத்தில் பாதி நேரத்தை இதற்கே கொடுங்கள்.

1933 டிசம்பரில் கிட்டப்பா இறந்தார். இருபத்தெட்டு வயதுகூட நிரம்பவில்லை. சுந்தராம்பாளுக்கு இருபத்தைந்து. முதல் வருடம் இங்கே நீளமான அழுகைக் காட்சி எழுதினேன். நடித்த பிள்ளை நிஜமாகவே அழுது, தொண்டை கட்டி, அடுத்த பாட்டைப் பாட முடியாமல் போனது. என் தவறு அது. இப்போது விளக்கை அணைக்கிறோம். மறுபடி எரியும்போது வெள்ளைப் புடவை, வெறும் கழுத்து, நெற்றி நிறையத் திருநீறு. வேறெதுவும் தேவையில்லை.

திருநீற்றைத் தண்ணீரில் குழைத்துப் பூசினால் ஈரத்தில் தெரியாது, காய்ந்த பிறகுதான் வெளுத்து நிற்கும். மேடை இருட்டில் அவசரமாகப் பூசிப் பார்த்தோம், விளக்கு வந்தபோது நெற்றி வெறுமையாக இருந்தது. அந்த இடத்தில் உலர்ந்த நீற்றை மூன்று விரலால் இழுத்துவிடுங்கள்.

திரைக்கு வந்த கதையை ஒரே வசனத்தில் முடிக்கலாம். 'பக்த நந்தனார்' படத்துக்கு அழைத்தபோது, விட்டுவிடட்டும் என்றே ஒரு லட்சம் ரூபாய் கேட்டார் என்று சொல்வார்கள். கொடுத்துவிட்டார்கள்! 1935-இல் வந்த அந்தப் படத்தில் நந்தனாராக, ஆண் வேடத்தில் நடித்தார். 1935-இல் ஒரு லட்சம் எவ்வளவு பெரிய தொகை என்று பிள்ளைகளுக்கு முன்பே விளக்கிவிடுங்கள். இல்லாவிட்டால் அந்த வசனத்தைச் சாதாரணமாகச் சொல்லிவிட்டுப் போய்விடுவார்கள்.

சட்ட மேலவை உறுப்பினர் பதவி, 'துணைவன்' பாட்டுக்குத் தேசிய விருது, 1970-இல் பத்மஸ்ரீ எல்லாவற்றையும் அறிவிப்பாளர் படிக்கட்டும். பட்டியலை நடித்துக் காட்ட முடியாது.

கடைசியில் ஔவை. 1953-இல் ஜெமினி ஸ்டுடியோவின் 'ஔவையார்', 1965-இல் 'திருவிளையாடல்', 1967-இல் 'கந்தன் கருணை' என்று மூன்று படங்களில் அந்த வேடம் போட்டவர். கோபித்து மலையேறிய முருகனை ஔவை பாட்டால் சமாதானப்படுத்தும் இடத்தை எடுத்துக்கொள்ளுங்கள். முதுகை வளைத்து நடுங்கும் கிழவியாக்கி விடாதீர்கள், வளைந்தால் மூச்சு குறையும். கோல் கையில் இருக்கட்டும், பிள்ளை நிமிர்ந்தே நிற்கட்டும். பாட்டு தொடங்கும்போது ஆர்மோனியம் தவிர மற்ற வாத்தியங்களை நிறுத்திவிட்டு, மைக்கையும் அணைத்துவிடுங்கள்.