விலையைக் கேலி செய்யுங்கள், விற்றவனை அல்ல

இலங்கையின் கிழக்குக் கரையில், அறுகம்பைக் குடாவின் உல்லையில் ஏப்ரல் மாதம் அலைச்சறுக்குப் பருவம் தொடங்கிவிட்டால் ஒக்டோபர் வரை அறை வாடகையும் காணி விலையும்தான் பேச்சு. வாடகை கட்ட முடியாமல் பொத்துவிலின் உட்பக்கம் குடிபோன நண்பனும், கரையில் இன்னும் தோணி வைத்திருக்கும் நண்பனும் ஒரே பிளேன்டீக் கடையில் அமர்ந்து மனம் விட்டுச் சிரிக்க வேண்டுமானால், எதைக் கேலிக்கு எடுப்பது என்பதை முதலில் தீர்மானித்துக்கொள்ளுங்கள்.

காணி விற்றவனை எடுக்காதீர்கள். 2004ஆம் ஆண்டு ஆழிப்பேரலையில் வீட்டை இழந்து, கடன்பட்டு மீண்டும் கட்டி, பிறகு மகளுக்கு வீடு கொடுப்பதற்காக வளவில் பாதியை விற்றவனுக்கு உங்கள் பகிடி முள்ளாகத்தான் குத்தும். ஹோட்டலில் வேலை செய்யும் தம்பிமாரையும் விட்டுவிடுங்கள். விலையையும் வேலியையும் எடுங்கள், அவற்றுக்கு நோகாது.

பகிடிக்குக் கணக்கு உதவும். இங்கே காணி விலை பேர்ச் கணக்கில்தான். ஒரு பேர்ச் என்பது 272.25 சதுர அடி. ஆறடிக்கு மூன்றடிப் பன்பாயை அதில் ஏறக்குறைய 15 தடவை விரிக்கலாம். எங்கள் கூட்டத்தில் ஒருவன் இதைக் கணக்கிட்டுவிட்டு, "மச்சான், நான் படுக்கிற இடத்திட விலைய வாப்பாக்குச் சொல்லிராத, என்னைய எழுப்பிப்போட்டு வித்துருவாரு" என்றான். அன்றிலிருந்து எவர் விலை சொன்னாலும் நாங்கள் அதைப் பாயாக மாற்றித்தான் பேசுகிறோம். மலைக்க வைக்கும் தொகை அப்போது கைக்குள் அடங்கிவிடுகிறது.

சிரித்து முடிந்ததும் அந்தப் பகிடிக்குள் இருக்கும் முறைப்பாட்டைத் தேடிப் பாருங்கள். நான் முக்கியமாகக் கருதுவது இதைத்தான். கரைக்குப் போகும் ஒழுங்கையை ஒரு விடுதி அடைத்தபோது, "தோணி மணல்ல படுக்கிறதுக்கும் ரூம் புக் பண்ணணுமா?" என்று கேட்டுச் சிரித்தோம். அதே கேள்வியை மரியாதையான நடையில் எழுதி, எல்லோரும் கையொப்பமிட்டுப் பிரதேச செயலகத்தில் கொடுத்தோம். 1981ஆம் ஆண்டின் 57ஆம் இலக்கக் கரையோரம் பேணல் சட்டத்தின்படி, சராசரி உயர் நீர்மட்டக் கோட்டிலிருந்து நிலப்பக்கமாக 300 மீற்றர் வரை கரையோர வலயமாகும் என்பதையும், அதற்குள் கட்டடம் எழுப்ப அனுமதி வேண்டும் என்பதையும் அறிந்து எழுதினால் கடிதத்துக்குக் கனம் கூடும்.

காணி உறுதி (விற்பனைப் பத்திரம்) எழுதிய வாரத்தில் காணிப் பகிடி வேண்டாம். நவம்பர் மழையில் விருந்தினர் போய்க் கடைகள் பூட்டிய பிறகு, விற்றவனே தன் பழைய தென்னைகளைப் பற்றிப் பேச்செடுப்பான். முதல் பகிடியை அவன் வாயாலேயே வர விடுங்கள்.